குளிர்காலத் தீவனமும் கோடை மேய்ச்சலும்: டோர்பெல் என்ற மலையூரின் ஐந்நூறு ஆண்டுகள்

1483ஆம் ஆண்டு பிப்ரவரி 1ஆம் தேதி, இன்றைய சுவிட்சர்லாந்தின் தென்மேற்கில், ஆல்ப்ஸ் மலைச்சரிவில் இருக்கும் டோர்பெல் என்ற ஊரின் குடியானவர்கள் ஒரு சாசனத்துக்கு ஒப்புதல் தந்தார்கள். ஊருக்கு மேலே உள்ள கோடை மேய்ச்சலையும் காட்டையும் தரிசையும் ஆள்வதற்காக அவர்கள் ஏற்படுத்திக்கொண்ட சங்கத்தின் விதிகள் அதில் இருந்தன. அந்த ஊரைப் பற்றிய எழுத்துப் பதிவுகள் 1224 முதலே கிடைக்கின்றன. நிலம் கைமாறிய விவரமும் அதன்மேல் யாருக்கு என்ன உரிமை என்பதும் அவற்றில் உண்டு. ஆனால் 1483இன் சாசனத்தில்தான் ஊர் தன்னை ஓர் அமைப்பாக வரையறுத்துக்கொண்டது. வெளியாள் ஒருவர் டோர்பெலில் நிலம் வாங்கினாலும் குடியேறினாலும், பொது மேய்ச்சலில் மாடு விடவோ காட்டில் மரம் வெட்டவோ அதனாலேயே அவருக்கு உரிமை வந்துவிடாது என்று அது சொல்கிறது. அவரை ஊராரில் ஒருவராகச் சேர்த்துக்கொள்வதா என்பதை ஏற்கெனவே நிலமும் நீரும் உடையவர்கள் கூடி முடிவு செய்வார்கள். 1507இல் எழுதப்பட்ட ஒரு பட்டியல் பொதுநிலங்களின் எல்லைகளைத் தெளிவாக்கியது. 1517இல் இன்னொரு விதி வந்தது: குளிர்காலம் முழுதும் எத்தனை மாடுகளை ஒருவரால் தீவனம் போட்டுக் காப்பாற்ற முடியுமோ, அத்தனை மாடுகளையே அவர் கோடையில் மேலே அனுப்பலாம். இந்த ஒரு விதியின் வேலையை விளங்கிக்கொண்டால் டோர்பெலின் வரலாற்றில் பெரும்பகுதி விளங்கிவிடும் என்பதே இக்கட்டுரையின் வாதம்.

விதிக்குப் போகுமுன் இடத்தைப் பார்க்க வேண்டும். பிரெஞ்சுக்காரர்கள் வலே என்றும் ஜெர்மன் பேசுபவர்கள் வாலிஸ் என்றும் அழைக்கும் மாநிலத்தின் கீழ்த்திசைப் பகுதியான மேல் வாலிஸில், ஃபிஸ்பா ஆற்றின் பள்ளத்தாக்குக்கு மேலே, வெயில் விழும் சரிவில் சுமார் 1,500 மீட்டர் உயரத்தில் இருக்கிறது டோர்பெல். கீழே ஆற்றோரத்தில் ஷ்டால்டன் ஊர் 800 மீட்டரில். மேலே டோர்பெல்காரர்களின் கோடை மேய்ச்சலான மோஸ்ஆல்ப் 2,000 மீட்டருக்குச் சற்று மேல். இருபுறமும் நாலாயிரம் மீட்டர்ச் சிகரங்கள் மழைமேகங்களை மறித்துவிடுவதால் சுவிட்சர்லாந்திலேயே மிக வறண்ட பகுதிகளுள் இது ஒன்று. ஷ்டால்டன் பக்கத்தில் ஆண்டு மழை 600 மில்லிமீட்டரைத் தொடுவதில்லை. பனிமலை என்றாலே தண்ணீர் வழிந்தோடும் என்று நினைப்பவர்களுக்கு இது வியப்பாக இருக்கலாம். பனி உருகி ஓடும் ஓடைகளிலிருந்து பாறைச் சரிவை ஒட்டிக் கால்வாய் வெட்டிக் கொண்டுவந்தால்தான் புல்வெளியில் புல் இரண்டு முறை அறுக்கும் அளவுக்கு வளரும். ஒவ்வொரு குடும்பத்தின் நிலமும் இந்தச் செங்குத்துச் சரிவில் மேலும் கீழுமாகச் சிதறிக் கிடந்தது. தாழ்வான இடத்தில் திராட்சை, ஊரையொட்டிக் காய்கறித் தோட்டமும் ரை தானிய வயலும், அவற்றைச் சுற்றியும் மேலேயும் புல்வெளி, அதற்கு மேல் காடு, காட்டுக்கு மேல் மேய்ச்சல். எந்த ஓர் உயரத்திலும் ஒரு குடும்பம் முழுதாகப் பிழைக்க முடியாது. எல்லா உயரங்களிலும் கொஞ்சம் கொஞ்சம் இருந்தால்தான் ரொட்டியும் பாலும் மதுவும் ஒரு வீட்டில் சேரும்.

இந்தச் சிற்றூர் உலகின் பொருளாதார நூல்களுக்குள் நுழைந்த கதை 1968இல் தொடங்குகிறது. அந்த ஆண்டு டிசம்பரில் ‘சயின்ஸ்’ இதழில் காரெட் ஹார்டின் என்ற அமெரிக்க உயிரியலாளர் பொதுநிலத்தின் அழிவைப் பற்றி எழுதினார். எல்லோருக்கும் திறந்த ஒரு மேய்ச்சலில் ஒவ்வொரு மேய்ப்பரும் இன்னும் ஒரு மாட்டைச் சேர்ப்பார். லாபம் முழுதும் அவருக்கு, நட்டம் எல்லோருக்கும். ஆகவே நிலம் பாழாவது உறுதி. வில்லியம் ஃபார்ஸ்டர் லாயிட் என்ற ஆங்கிலேயர் 1833இலேயே வெளியிட்ட எடுத்துக்காட்டை எடுத்து விரித்த இந்த வாதம் மிகப் பெரிய செல்வாக்குப் பெற்றது. தனியார் உடைமை அல்லது அரசின் கட்டாயம் என்ற இரண்டைத் தவிர வேறு வழியில்லை என்று பலர் அதிலிருந்து முடிவுகட்டினார்கள். அதே காலத்தில், நைஜீரியாவின் மலை உழவர்களான கோஃப்யார் மக்களைப் பற்றி ஆய்வு செய்து முடித்திருந்த மானுடவியலாளர் ராபர்ட் நெட்டிங் டோர்பெலுக்கு வந்தார். 1970களில் அவர் அங்கே தங்கி, தேவாலயத்தின் பிறப்பு, மண, இறப்புப் பதிவேடுகளையும் பழைய நில ஆவணங்களையும் வரிப் பதிவுகளையும் சேர்த்துப் படித்து எழுதிய நூல் 1981இல் வெளியானது. ஹார்டினின் மேய்ச்சல் ஒரு கற்பனை. நெட்டிங் முன்வைத்தது நூற்றாண்டுகளாகப் பாழாகாமல் இருந்த ஓர் உண்மையான மேய்ச்சல். அதை எலினோர் ஆஸ்ட்ரம் தமது 1990ஆம் ஆண்டு நூலில் ஜப்பானிய ஊர்களோடும் ஸ்பெயினின் பாசன அமைப்புகளோடும் பிலிப்பைன்ஸின் கால்வாய்ச் சங்கங்களோடும் சேர்த்து, நீடித்து நின்ற பொதுவள அமைப்புகளுக்குச் சான்றாக வைத்தார். 2009இல் பொருளியலுக்கான நோபல் பரிசு பெற்ற முதல் பெண் அவர். அதன்பின் டோர்பெல் என்றாலே “மக்கள் ஒத்துழைத்தால் பொதுநிலம் பிழைக்கும்” என்பதற்கான எடுத்துக்காட்டாகிவிட்டது. ஆஸ்ட்ரமே இவ்வளவு எளிமையாகச் சொல்லவில்லை. ஒத்துழைப்பு என்ற சொல் நடந்ததை விவரிக்கிறதே தவிர விளக்குவதில்லை. எத்தனையோ ஊர்களில் ஒத்துழைக்க விரும்பியவர்கள் தோற்றிருக்கிறார்கள். டோர்பெல்காரர்கள் எதைக் கொண்டு அளந்தார்கள் என்பதுதான் கேட்க வேண்டிய கேள்வி.

அவர்கள் அளந்தது புல்லை அல்ல. மலைமேல் எத்தனை மாடு மேயலாம் என்று நேரடியாகக் கணக்கிடுவது எளிதன்று. ஓராண்டு பனி தாமதமாக உருகும், ஓராண்டு கோடை வறளும். யார் எந்த எண்ணைச் சொன்னாலும் அடுத்தவர் அதை மறுக்கலாம். 1517இன் விதி அந்த விவாதத்துக்கே இடம் தரவில்லை. ஒரு வீட்டுக்காரர் எவ்வளவு உலர்புல் வைத்திருக்கிறார் என்பது அவருடைய சொந்தப் புல்வெளியின் பரப்பையும் அவர் பாய்ச்சிய நீரையும் அவர் குடும்பத்தின் உழைப்பையும் பொறுத்தது. அரையாண்டுக்கு மேல் மாடு தொழுவத்திலேயே கட்டிக்கிடக்கும். அந்த மாதங்களுக்கான தீவனத்தைக் கோடையில் அரிவாளால் அறுத்து, காயவைத்து, முதுகில் சுமந்து சேர்க்க வேண்டும். ஆகவே ஒரு மாட்டைக் கூடுதலாக மலைக்கு அனுப்ப விரும்புபவர், முதலில் அந்த மாட்டை முந்தைய குளிர்காலம் முழுதும் தன் செலவில் உயிரோடு வைத்திருந்திருக்க வேண்டும். ஹார்டினின் மேய்ப்பருக்கு இன்னொரு மாட்டைச் சேர்ப்பதில் ஏறக்குறையச் செலவே இல்லை. டோர்பெல் மேய்ப்பருக்கு அது இன்னொரு பனிக்காலத்து உழைப்பு. வசந்தத்தில் மலிவாக மாடு வாங்கி, பொது மேய்ச்சலில் கொழுக்க வைத்து, இலையுதிர்காலச் சந்தையில் விற்கும் வியாபாரிக்கு இந்த ஒரு நிபந்தனையே கதவை அடைத்துவிடுகிறது. பொதுநிலத்தின் அளவைத் தனிநிலத்தில் கட்டிப் போட்டதுதான் இந்த விதியின் நுட்பம். கீழே உள்ள புல்வெளியின் மொத்தப் பரப்பு மாறாதவரை மேலே போகும் மாடுகளின் எண்ணிக்கையும் தன்னால் ஒரு வரம்புக்குள் நிற்கும்.

இதைக் கண்காணிப்பதும் அதனாலேயே மலிவானது. யாருடைய தொழுவத்தில் எத்தனை மாடு குளிர்காலத்தைக் கழித்தது என்பது ஊரில் எவருக்கும் தெரியாமல் இருக்க முடியாது. புல்வெளிகள் சிதறிக் கிடந்ததால் தொழுவங்களும் சிதறியிருந்தன. புல்லைச் சுமப்பதைவிட மாட்டை நடத்திச் செல்வது எளிது என்று ஒரு தொழுவத்தின் புல் தீர்ந்ததும் அடுத்ததற்கு மாட்டைக் கொண்டுபோனார்கள். பனியில் அந்த நடமாட்டம் அத்தனை பேர் கண்ணிலும் படும். இதற்கு மேல் கெவால்ட்ஹாபர் என்ற ஊர் அதிகாரி ஒருவர் இருந்தார். வரம்பை மீறியவரிடம் தண்டம் வசூலிக்கும் உரிமை அவருக்கு உண்டு. வசூலானதில் பாதி அவருக்கே. கையூட்டு வாங்கிக்கொண்டு கண்ணை மூடிக்கொள்ளும் ஆசையை வெல்ல, கண்ணைத் திறந்து வைப்பதிலேயே வருமானம் வைத்தார்கள். மாடு உடையவர்கள் ஆண்டுதோறும் கூடிப் பொறுப்பாளர்களைத் தேர்ந்தெடுத்தார்கள்; அவர்கள் மேய்ப்பர்களையும் பாலாடைக்கட்டி செய்பவர்களையும் அமர்த்தினார்கள், மேய்ச்சலில் சாணம் பரப்புவதையும் பனிச்சரிவில் சிதைந்த பாதைகளையும் தொழுக்களையும் செப்பனிடுவதையும் பார்த்துக்கொண்டார்கள். எத்தனை மாடு அனுப்புகிறாரோ அதற்கேற்ற அளவு உடலுழைப்பும் ஒருவர் தர வேண்டும். மேலே செய்த பாலாடைக்கட்டி அவரவர் மாடு தந்த பாலின் அளவைப் பார்த்துப் பிரிக்கப்பட்டது. காட்டில் வெட்ட வேண்டிய மரங்களை முதலில் குறியிட்டு, பிறகு சீட்டுப் போட்டு வீடுகளுக்கு ஒதுக்கினார்கள். மேல் வாலிஸ் முழுதும் நீர் முறையையும் மேய்ச்சல் உரிமையையும் குடும்பக் குறிகள் செதுக்கிய மரக்கட்டைகளில் பதிந்து வைக்கும் வழக்கம் இருந்தது. எழுதப் படிக்கத் தெரியாதவரும் தன் உரிமையை விரலால் தடவிச் சரிபார்த்துக்கொள்ளலாம் என்பது சிறிய வசதி அன்று.

இங்கே ஒரு தவறான படத்தைக் களைய வேண்டும். டோர்பெல் பொதுவுடைமை ஊர் அல்ல. தோட்டம், வயல், திராட்சை, புல்வெளி, மாடு எல்லாமே தனியாருடையவை. அவை விற்கப்பட்டன, வாங்கப்பட்டன, அடகு வைக்கப்பட்டன. மகன், மகள் எல்லோருக்கும் சமபங்காகச் சொத்துப் பிரிந்தது. ஒரு மரவீட்டின் தளங்களும் தொழுவத்தின் பகுதிகளும் தானியக் களஞ்சியத்தின் மூலைகளும் வெவ்வேறு உடைமையாளர்களுக்குச் சொந்தமாக இருந்தன. அதே மனிதர்கள்தாம் மேய்ச்சலையும் காட்டையும் தரிசையும் கால்வாயையும் பாதையையும் பொதுவில் வைத்தார்கள். இந்தப் பிரிவினை எங்கே விழுந்தது என்பதை நெட்டிங் உன்னிப்பாகக் கவனித்தார். எந்த நிலம் பரப்புக்குக் குறைவாகத் தருகிறதோ, விளைச்சல் நிச்சயமில்லையோ, உழைப்பைப் போட்டாலும் பெரிதாக மேம்படாதோ, பயன்படுத்தப் பெரும்பரப்பு வேண்டுமோ, பலர் சேர்ந்தால்தான் பராமரிக்க முடியுமோ, அது பொதுவில் நின்றது. உரமும் நீரும் இட்டால் பலமடங்கு தரும் சிறு நிலம் தனியாருக்குப் போனது. ஒரே மக்கள், ஒரே மதம், ஒரே பழக்கவழக்கம். ஆனால் இரண்டு விதமான உடைமை. ஆகவே “அவர்கள் கூட்டு மனப்பான்மை கொண்டவர்கள்” என்ற விளக்கம் நிற்காது. அந்த மனப்பான்மை திராட்சைத் தோட்டத்தில் ஏன் வேலை செய்யவில்லை என்ற கேள்விக்கு அதனிடம் விடையில்லை.

தொன்மையான, சந்தையின் கைபடாத ஊர் என்ற படமும் இதேபோல நிற்காது. சாசனத்தின் வாசகமே அதற்கு எதிரான சான்று. வெளியாட்கள் நிலம் வாங்குவதே இல்லை என்றால், வாங்கினாலும் உரிமை வராது என்று விதி செய்ய யாருக்கும் தோன்றியிருக்காது. பதினைந்தாம் நூற்றாண்டில் ஆல்ப்ஸின் தெற்கே இருந்த லொம்பார்டி நகரங்கள் மாட்டையும் பாலாடைக்கட்டியையும் விலை கொடுத்து வாங்கின. கோடை மேய்ச்சல் பணமாகும் பொருளாக மாறியது. அரசியலும் ஊர்களுக்குச் சாதகமாக இருந்தது. சியோன் நகரின் ஆயரே வாலிஸின் பெயரளவு ஆட்சியாளர். ஆனால் மேல் வாலிஸின் ஊர்கள் 1388இல் ஃபிஸ்ப் நகரில் நடந்த போரில் அண்டை அரசான சவாயின் படையைத் தோற்கடித்தவை, ஆயரின் அதிகாரத்தையும் நூற்றாண்டு முழுதும் மெல்ல மெல்லக் குறைத்தவை. ஒரு பிரபு மேய்ச்சலைத் தனதாக்கிக்கொள்ளும் வலிமையோடு இருந்திருந்தால் 1483இன் கூட்டம் நடந்திருக்குமா என்பதே ஐயம். சந்தை நெருக்கியது, பிரபு தளர்ந்திருந்தார்; அந்த இடைவெளியில் குடியானவர்கள் தங்களைத் தாங்களே சட்டத்தின் முன் ஓர் உரிமையாளராக ஆக்கிக்கொண்டார்கள். பொதுநிலம் இங்கே பழங்காலத்தின் எச்சம் என்பதைவிட, பதினைந்தாம் நூற்றாண்டு மனிதர்கள் தெளிவாகச் சிந்தித்துச் செய்த ஓர் ஏற்பாடு என்று கொள்வதே சான்றுகளுக்குப் பொருந்துகிறது.

இனி எதிர்வாதங்கள். முதலாவது, ஏட்டில் இருப்பது நடந்தது ஆகுமா என்பது. மீறல்கள் நடந்திருக்கும், தண்டத்தைப் பற்றி விரிவாக எழுதியதே அதற்கு அடையாளம். ஆயினும் விதி வெறும் ஏட்டில் மட்டும் இருந்திருந்தால் விளைவு வேறாக இருந்திருக்கும். மேய்ச்சல் அளவு மீறிய சரிவில் புல்வேர் அறுந்து மண் வழியும். அந்த உயரத்தில் அது மீள ஒரு தலைமுறை போதாது. நெட்டிங் வந்தபோது மேய்ச்சல் பயன்பாட்டில் இருந்தது, விதியும் நடைமுறையில் இருந்தது. டோர்பெல் மட்டும் தனி அதிசயமும் அன்று: சுவிட்சர்லாந்தின் ஆல்ப்ஸ் நிலத்தில் ஐந்தில் நான்கு பங்கு ஏதோ ஒரு வகைப் பொது உடைமையில் இருப்பதாக ஆஸ்ட்ரம் எடுத்துக்காட்டுகிறார். குளிர்காலத் தீவன விதியும் அங்கே பரவலாக இருந்தது. சில ஊர்களில் நிலத்தின் பரப்பைக் கொண்டும், சில ஊர்களில் விற்று வாங்கக்கூடிய பங்குகளைக் கொண்டும் மாடுகளை எண்ணினார்கள். அளவுகோல் மாறியது, எல்லோரும் எளிதில் சரிபார்க்கக்கூடிய ஒன்றைக் கொண்டு மலையை அளப்பது என்ற முறை மாறவில்லை.

இரண்டாவது எதிர்வாதம் கனமானது: இந்தப் பொதுநிலம் யாருக்குப் பொது? வெளியாளுக்கு இல்லை. நிலமில்லாதவருக்கும் இல்லை, ஏனெனில் புல்வெளி இல்லாதவரிடம் குளிர்காலத் தீவனம் இருக்காது. அதிகப் புல்வெளி உடையவர் அதிக மாடுகளை அனுப்பினார். அதாவது தனிச்சொத்தின் ஏற்றத்தாழ்வைப் பொதுநிலமும் அப்படியே பிரதிபலித்தது. இதை மறுக்க வழியில்லை, மறுக்கவும் கூடாது. சற்றே தணிக்கும் சான்று ஒன்று உண்டு. ராண்டால் மெக்கைரும் நெட்டிங்கும் ஊரின் வரிப் பதிவுகளைத் தலைமுறை தலைமுறையாகப் பின்தொடர்ந்து 1982இல் வெளியிட்ட ஆய்வில், பணக்காரரும் ஏழையும் இருந்தாலும் பரம்பரைப் பணக்கார வர்க்கம் உருவாகவில்லை என்று கண்டார்கள். சமபங்குப் பாகப்பிரிவினையில் பெரிய சொத்து சிதறும், திருமணத்தில் இருவர் பங்கு சேரும், மீண்டும் சிதறும். ஆனால் இது ஊருக்குள் இருந்தவர்களுக்கான ஆறுதல் மட்டுமே. பெண்கள் சொத்தில் சமபங்கு பெற்றார்கள், ஊர்க்கூட்டத்தில் குரல் பெறவில்லை. 1957 மார்ச்சில், டோர்பெலிலிருந்து தொலைவில்லாத உன்டர்பேக் என்ற ஊர்தான் சுவிட்சர்லாந்தில் முதன்முதலாகப் பெண்களை வாக்களிக்க விட்டது. வலே மாநிலம் 1970லும் நாடு 1971லும்தான் அந்த உரிமையை வழங்கின. வெளியாளைப் பற்றிய பழைய விதியோ நாட்டின் அரசியல் சட்டத்துக்குள்ளேயே புகுந்தது: 1874இன் அரசியல் சட்டம், ஓர் ஊரில் குடியேறிய சுவிஸ் குடிமகனுக்கு அங்கே எல்லா உரிமைகளையும் கொடுத்துவிட்டு, ஊரின் பரம்பரைக் குடிகளுடைய சங்கங்களின் சொத்தில் பங்கு என்பதை விலக்கி வைத்தது.

விலக்கல் இல்லாமல் இந்த மேய்ச்சல் பிழைத்திருக்குமா? பிழைத்திருக்காது என்றே நினைக்கிறேன். அதனால் விலக்கல் நியாயமாகிவிடாது. எல்லை இல்லாத உரிமையில் எந்த அளவுகோலும் செல்லாது. யாரோ ஒருவர் ஓரிடத்தில் கோடு போட வேண்டும். டோர்பெலில் அந்தக் கோட்டை உள்ளே இருந்தவர்கள் மட்டும் போட்டார்கள். மேலும், இவ்வளவு கடுமையான மூடல் மலையின் இயல்பு என்றும் சொல்ல முடியாது. இத்தாலியப் பக்கத்தில், வாலிஸிலிருந்து போனவர்கள் (வால்ஸர்) குடியேறிய அலாஞா என்ற ஊரை ஆராய்ந்த பியர் பவுலோ வியாட்ஸோ, தமது 1989ஆம் ஆண்டு நூலில், மூடிய ஊர் என்ற மாதிரி ஆல்ப்ஸ் முழுமைக்கும் பொருந்தாது என்று காட்டினார். சுரங்கத்துக்கு வெளியாட்கள் வந்த ஊர்கள் இருந்தன. ஆண்கள் கட்டடத் தொழிலுக்காக ஆண்டுதோறும் வெளியே போய்த் திரும்பிய ஊர்கள் இருந்தன. ட்ரெண்டினோ பள்ளத்தாக்குகளின் நூற்றுக்கணக்கான ஊர்ச் சாசனங்களைப் படித்த மார்கோ கசாரியும், இப்படிப்பட்ட விதிகள் காலப்போக்கில் ஊர்மக்களே முன்வந்து ஏற்படுத்தியவை என்று காட்டுகிறார். ஆகவே மூடுவதும் திறப்பதும் அந்தந்த ஊர் எடுத்த முடிவு. முடிவு என்றால் அதற்குப் பொறுப்பும் உண்டு.

மூன்றாவது எதிர்வாதம் நெட்டிங்கின் சொந்தச் சான்றுகளிலிருந்தே எழுகிறது. மாடுகளின் எண்ணிக்கை நின்றது, மனிதர்களின் எண்ணிக்கை? தேவாலயப் பதிவேடுகள் சொல்வது இது: ஆண்கள் முப்பதை ஒட்டியும் பெண்கள் இருபதுகளின் பிற்பகுதியிலும்தான் மணந்தார்கள், கணிசமானவர்கள் மணக்கவே இல்லை, பிள்ளைகளுக்கிடையே இடைவெளி நீண்டது. தனிக்குடும்பம் நடத்த நிலம் கையில் வரும்வரை காத்திருப்பதே வழக்கம். பதினெட்டாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் உருளைக்கிழங்கு பரவியதும் அதே சிறு வயலில் அதிக வயிறுகள் நிறைந்தன. பத்தொன்பதாம் நூற்றாண்டில் மக்கள்தொகை ஏறியது. ஏறியவர்களில் பலர் வெளியேறினார்கள். மேல் வாலிஸ் குடும்பங்கள் 1858இல் அர்ஜென்டினாவின் சான்டா ஃபே மாநிலத்தில் சான் ஜெரோனிமோ நோர்த்தே என்ற குடியேற்றத்தையே தோற்றுவித்தன. மேய்ச்சலின் சமநிலை இவ்வளவு மனித வாழ்க்கைகளின் மேல் நின்றது என்பதை டோர்பெலைப் பாராட்டுபவர்கள் பெரும்பாலும் ஓரிரு வரிகளில் கடந்துவிடுகிறார்கள். அண்ணனின் தொழுவத்திலேயே வேலை செய்து, மணமின்றி மூத்துப்போன தம்பியும் தங்கையும் அந்தச் சமநிலையின் கணக்கில் இருக்கிறார்கள். எனினும் இது விதியின் தோல்வியைக் காட்டவில்லை. விதியால் எதை மாற்ற முடியும், எதை முடியாது என்பதைக் காட்டுகிறது. நிலத்தின் வரம்பை அந்த விதி உண்டாக்கவில்லை. அந்த வரம்பு மேய்ச்சல் அழிந்த பிறகு பஞ்சமாக வந்து சேராமல், முன்கூட்டியே ஒவ்வொரு வீட்டின் புல்வெளியிலும் தெரியும்படி செய்தது. வெளியேறுவதும் காத்திருப்பதும் துயரம்தான். ஆனால் எஞ்சியவர்களுக்கு ஓர் ஊர் எஞ்சியது.

விளைச்சலை வைத்து எழும் எதிர்வாதமும் உண்டு. கிளென் ஸ்டீவன்சன் என்ற பொருளியலாளர் 1991இல் வெளியிட்ட நூலில் சுவிஸ் மேய்ச்சல்களை ஒப்பிட்டு, தனியார் மேய்ச்சல்களில் மாட்டுக்குக் கிடைக்கும் பால் பொது மேய்ச்சல்களைவிடக் கூடுதலாக இருக்கக் கண்டார். அப்படியானால் பொதுவில் வைத்தது நட்டமா? பால் மட்டுமே கணக்கு என்றால் ஆம் என்று சொல்லலாம். ஆனால் மோஸ்ஆல்ப் போன்ற ஒரு மேய்ச்சலை ஊரின் குடும்பங்களுக்குத் துண்டு போட்டிருந்தால், ஒவ்வொரு துண்டுக்கும் வேலியும் குடிசையும் மேய்ப்பரும் பாலாடைக்கட்டி அடுப்பும் வேண்டும். புல் அறுத்துக் காயவைக்க வேண்டிய அதே கோடை வாரங்களில் ஒவ்வொரு குடும்பமும் ஓர் ஆளை மேலே அனுப்ப வேண்டும். ஒரு துண்டில் பனி தாமதித்தால் அந்தக் குடும்பத்தின் மாடுகள் பட்டினி. மந்தையை ஒன்றாக மேய்த்ததால் சில ஆட்களே போதும், மாடுகளும் புல் இருக்கும் பக்கம் நகரலாம், மிச்சமான கைகள் கீழே குளிர்காலத் தீவனத்தைச் சேர்க்கலாம். கொஞ்சம் பாலை இழந்து, உழைப்பையும் பாதுகாப்பையும் ஈட்டிய ஏற்பாடு அது. ஹார்டினும் பின்னாளில், 1990களில், தாம் சொன்னது நிர்வாகம் இல்லாத பொதுநிலத்துக்கே பொருந்தும் என்று திருத்திக்கொண்டார். அந்த ஒரு சொல் 1968இலேயே இருந்திருந்தால், பல நாடுகளில் ஊர்ப் பொதுநிலங்களைப் பறித்த கொள்கைகளுக்கு ஒரு சாக்காவது குறைந்திருக்கும்.

குளிர்காலத் தீவன விதியை உண்மையில் அசைத்தது இருபதாம் நூற்றாண்டு. அதற்குச் சற்று முன்பே, 1891இல், ஃபிஸ்பிலிருந்து ஜெர்மாட்டுக்கு ரயில் வந்தது. அதன்பின் ஃபிஸ்பில் லோன்சா நிறுவனத்தின் ரசாயன ஆலை வந்தது. மலையூர் ஆண்கள் கீழே ஆலையில் வேலை, மேலே காலையும் மாலையும் மாடு என்று இரண்டு வாழ்க்கை வாழ்ந்தார்கள். பிறகு மாடு குறைந்தது, ரை வயல்கள் புல்லாயின, செங்குத்தான புல்வெளிகளில் புதரும் மரமும் ஏறின. மாடு பெருகுவதைத் தடுக்கச் செய்த விதிக்கு மாடு அருகும்போது செய்ய ஒன்றுமில்லை. மாட்டுக்கு இத்தனை நாள் உழைப்பு என்ற கணக்கும் தளர்ந்தது: மாடுகள் பாதியானால் உழைப்பு நாட்களும் பாதியாகும், ஆனால் பாதையின் நீளமும் கால்வாயின் நீளமும் பாதியாவதில்லை. லாரியில் உலர்புல் வாங்கி வரலாம் என்றான பின், ஒருவருடைய குளிர்காலத் தீவனம் அவருடைய நிலத்தின் அளவைச் சொல்வதும் நின்றது. இன்று சுவிஸ் கூட்டரசு ஒவ்வொரு கோடை மேய்ச்சலுக்கும் எவ்வளவு மாடு, எத்தனை நாள் என்று ஓர் இயல்பளவை நிர்ணயித்து, அதை ஒட்டியே மானியம் தருகிறது. நூறு நாள் மேயும் ஒரு பெரிய மாடு அதன் அலகு. அளவை மிஞ்சினாலும் மானியம் குறையும், மிகவும் கீழே போனாலும் குறையும்; பழைய விதியில் இல்லாத இரண்டாவது பக்கம் இதுதான். 2023 டிசம்பரில் ஆல்ப்ஸ் கோடை மேய்ச்சல் பருவமும் மரபுப் பாசனமும் யுனெஸ்கோவின் பண்பாட்டு மரபுப் பட்டியலில் சேர்ந்தன. ஆனால் எத்தனை மாடு என்ற எண் இப்போது தொழுவத்தில் கிடக்கும் புல்லிலிருந்து பிறப்பதில்லை. அரசின் ஆணையிலிருந்து பிறக்கிறது. அதைச் சரிபார்ப்பவரும் பனியில் மாடு நகர்வதைப் பார்த்திருந்த பக்கத்து வீட்டுக்காரர் அல்லர், பதிவேட்டோடு வரும் ஆய்வாளர்.